விடுசொல்

உள்ளறையிலிருந்து அந்தச் சத்தம் வந்துகொண்டே இருந்தது. "ஈ…" என்று, கம்பியை இழுத்துப் பிடித்தாற்போல, ஏற்றமும் இல்லாமல் இறக்கமும் இல்லாமல்.

கூடத்தில் உட்கார்ந்து அவரைக்காய்க்கு நார் உரித்துக்கொண்டிருந்த சொர்ணம் தலையை நிமிர்த்தவில்லை. ஒன்பது நாளாக அதைக் கேட்கிறாள். குளிக்கும்போதும் கேட்கிறது. காதைப் பொத்தினால் இன்னும் நன்றாகக் கேட்கிறது.

"அக்கா, சொல்றேன்னு கோவிச்சுக்காதீங்க. ஒங்க வீட்டு ஃப்ரிட்ஜ் சாகப் போகுது" என்றபடி பக்கத்து வீட்டுச் சுகுணா படியேறி வந்தாள். "எங்க வீட்டுக்காரரு குளவிக்கூடுங்குறாரு. நான் ஃப்ரிட்ஜுங்குறேன். தெருவே ரெண்டு கட்சியாயிருச்சு."

"ஃப்ரிட்ஜுதான்" என்றாள் சொர்ணம்.

"அப்ப நான் ஜெயிச்சுட்டேன். அண்ணனுக்கு எப்படி இருக்கு? ஒன்பது நாளா ஒருத்தரையும் பாக்க விடமாட்டேங்குறீங்க. கஞ்சி கொண்டாந்திருக்கேன், நானே ரெண்டு வாய் குடுத்துட்டுப் போறேன்."

பேச்சோடு பேச்சாக அவள் உள்ளறைப் பக்கம் நடந்துவிட்டாள். அவரைக்காய் நாலு பக்கமும் சிதற சொர்ணம் பாய்ந்தெழுந்து அவள் மணிக்கட்டைப் பிடித்து இழுத்தாள். கண்ணாடி வளையல் ஒன்று நொறுங்கியது.

"தூங்குறாரு!"

"ஆத்தாடி! என்னக்கா இது, போலீஸ் புடி மாதிரி இருக்கு!" சுகுணா கையை உதறிக்கொண்டாள். "நாளைக்கு வீடு தேடி வர்ற நர்சம்மா வாராங்க. அவங்களையும் இப்படித்தான் புடிச்சு இழுப்பீங்களா?"

சிரித்துக்கொண்டேதான் போனாள். ஆனால் படியிறங்கும்போது ஒருமுறை திரும்பிப் பார்த்தாள்.

அவள் பார்க்காத ஒன்றைச் சொர்ணம் பார்த்திருந்தாள். கஞ்சிக் கிண்ணத்திலிருந்து எழுந்த ஆவியில் ஒரு பிடி நிலைப்படியைத் தாண்டி உள்ளே போயிருந்தது. அது கலையவில்லை. பஞ்சுத் துணுக்குப் போல, அந்தரத்தில், அப்படியே நின்றது. சுகுணா இன்னும் ஓரடி வைத்திருந்தால் அவளும் அப்படித்தான் நின்றிருப்பாள். நாளை அந்த நர்சம்மாவும் அதே அடியைத்தான் வைப்பாள்.

அவள் உள்ளே போனாள். அந்த அறை அவளுக்கு மட்டும் வழிவிடும்.

சுவிட்ச் போட்டிருந்தும் மின்விசிறியின் மூன்று இறக்கைகளும் நின்றிருந்தன. கட்டிலுக்கு மேலே ஓர் ஈ, பறக்கிற நிலையிலேயே, நூலில் கட்டித் தொங்கவிட்டதுபோல இருந்தது. கட்டிலில் பிச்சை. முப்பது வருஷம் புதுக்கோட்டைக்கும் மணமேல்குடிக்கும் பஸ் ஓட்டிய கைகள் இப்போது குச்சியாய்ப் போர்வைமேல் கிடந்தன. கண் அவளைப் பார்த்தபடி திறந்திருந்தது. வாயும் திறந்திருந்தது. சத்தம் அந்த வாயிலிருந்துதான்.

ஒன்பது நாளைக்கு முந்தைய செவ்வாய்க்கிழமைக் காலையில், "சொர்ணம், நீ…" என்று அவர் ஒரு பேச்சைத் தொடங்கினார். அதை முடிக்க அவள் விடவில்லை.

*

சொர்ணத்தை அன்னவாசலில் எல்லாருக்கும் தெரியும். பள்ளிக்கூடச் சத்துணவுக் கூடத்தில் இருபத்தாறு வருஷமாகச் சமைக்கிறாள். பிள்ளைகளுக்கு அவள் சாப்பாட்டம்மா. உலை கொதிக்கும் சத்தத்தைக் கேட்டே அரிசி எந்தப் பதத்துக்கு வெந்திருக்கிறது என்று சொல்லிவிடுவாள். நல்லது கெட்டது நடக்கும் வீடுகளுக்கும் சமைக்கப் போவாள்.

அப்படிப் போன ஒரு வீட்டில்தான் எல்லாம் ஆரம்பித்தது. அவளுக்கு அப்போது இருபத்தெட்டு வயது. கோட்டைப்பட்டினத்தில் ஒரு அம்மாள் சாகக் கிடந்தாள். மகன் மஸ்கட்டிலிருந்து வந்துகொண்டிருந்தான். வந்திருந்த சனத்துக்குச் சோறாக்கச் சொர்ணத்தைக் கூப்பிட்டிருந்தார்கள். இரண்டு அடுப்பு. ஒன்று வாசலில், மற்றது அந்த அம்மாள் கிடந்த அறைக்குள்ளேயே ஓரமாக. வாசல் உலை கொதித்து, வடித்து, பந்தியும் முடிந்துவிட்டது. உள்ளே இருந்த உலை கொதிக்கவேயில்லை. மூன்று மணி நேரம் தீ எரிந்தபடி நிற்கிறது, தண்ணீர் அசையவில்லை.

மற்றவர்கள் துக்கத்தில் இருந்தார்கள். சொர்ணம் மட்டும் நிலைப்படியில் இடுப்பில் கைவைத்து நின்று, "எந்தப் பயடா என் உலைய நிப்பாட்டுனது?" என்று கத்திவிட்டாள்.

அறைக்கு வெளியே நாற்காலியில் இருந்த ஒரு பெரிய மீசைக்காரர் விழுந்து விழுந்து சிரித்தார். மணமேல்குடியில் மீன் ஏலம் விடுகிற ஆரோக்கியதாஸ். "தங்கச்சி, இத்தனை வருஷத்துல கண்டுபுடிச்ச ஒரே ஆளு நீதான். ஒன்னைய வெளியில விட்டா ஆபத்து. எங்க கூட்டத்துல சேந்துரு" என்றார்.

கூட்டத்துக்குப் பெயர் காத்திருப்போர் சங்கம். மொத்தம் ஏழு பேர். தூர தேசத்திலிருந்து பிள்ளை வந்து சேரும்வரை, போகிற உயிரை நிறுத்திவைப்பது அவர்கள் வேலை. அதற்கென்று ஒரு பேச்சு வைத்திருந்தார்கள். எந்த நாட்டிலும் எவரும் பேசாத பேச்சு. அவர்களே உண்டாக்கியது. பௌர்ணமி தோறும் ஏழு பேரும் புளியோதரைப் பொட்டலத்தோடு சித்தன்னவாசலுக்குப் போவார்கள். ஓவியம் பார்க்க வந்த கூட்டத்தோடு கூட்டமாக மர நிழலில் உட்கார்ந்து, ஓசை ஓசையாகச் சொல் கட்டுவார்கள். எந்த மொழியிலும் பொருள் இருக்கக் கூடாது. ஒருமுறை பிரவீன்குமார் என்பவர் ஒரு வாரம் பட்டினி கிடந்து கட்டிக்கொண்டுவந்த சொல் ஏதோ ஒரு ஷாம்புவின் பெயராக இருந்துவிட்டது. அன்று ஏழு பேரும் சிரித்த சிரிப்பில் குரங்குகள் ஓடிப்போயின.

சொற்கள் இரட்டையாகத்தான் கட்டப்படும். பிடிசொல், விடுசொல். பிடிசொல்லைச் சொன்னால் அந்த நாலு சுவருக்குள் நேரம் கூழாக உறைந்துவிடும். விடுசொல் அதை இளக்கும். பிடிசொல் தெரிந்தவருக்கு விடுசொல் தெரியாது. விடுசொல் தெரிந்தவருக்குப் பிடிசொல் தெரியாது. எதையும் எழுதக் கூடாது. உரியவர் வாயால் சொன்னால்தான் பலிக்கும். எனவே எப்போதும் இரண்டு பேராகத்தான் போவார்கள். அந்த இரண்டு பேருக்கு மட்டுமே அறை வழிவிடும். சொர்ணத்திடம் பிடிசொல். அவளுடைய விடுசொல் ஆரோக்கியதாஸிடம்.

மேலும் இரண்டு விதி. சொந்த வீட்டில் சொல்லக் கூடாது. பேசிக்கொண்டிருக்கிற வாய்க்கு முன்னால் சொல்லக் கூடாது.

நாற்பத்து மூன்று வீடுகளில் சொர்ணம் பிடித்தாள், ஆரோக்கியதாஸ் விட்டார். பிள்ளைகள் ஓடிவந்து தாயின் கையைப் பிடிப்பதை அவர்கள் தூரத்தில் நின்று பார்ப்பார்கள். புண்ணியம் என்றுதான் இருவரும் நினைத்தார்கள்.

அந்த நாற்பத்து மூன்றில் ஒன்று இருபது வருஷத்துக்கு முந்தையது. சொர்ணத்துக்கும் பிச்சைக்கும் ஒரே மகள். அழகி. மூன்று வயது. அன்று காலை குழந்தைக்கு லேசாக உடம்பு சுட்டது. "சமைக்கப் போறேன், சாயங்காலம் வந்துருவேன்" என்று சொல்லிவிட்டுச் சொர்ணம் பஸ் ஏறினாள். சமையல் ஒன்றும் இல்லை. யாரோ ஒரு பெரியவரின் மகன் துபாயிலிருந்து வரவேண்டியிருந்தது. விமானம் தாமதம். மறுநாள் காலை அவள் வீடு திரும்பியபோது வாசலில் சனம் நின்றது. தோளில் போட்டுக்கொண்டு பிச்சை ஓடியும் குழந்தை ஆஸ்பத்திரி போய்ச் சேரவில்லை.

யாரோ ஒரு கிழவரின் நேரத்தை ராத்திரி முழுக்க நிறுத்திவைத்தவள், தன் குழந்தையின் நேரம் ஓடி முடிந்தபோது பக்கத்தில் இல்லை.

பிச்சை அன்று அவளிடம் எதுவும் கேட்கவில்லை. ஊரார் கேட்டபோது, "அவ ஆத்தா வீட்டுக்குப் போயிருந்தா" என்று அவரே பொய் சொன்னார். அதற்குப் பிறகும் கேட்கவில்லை. இருபது வருஷம். ஒவ்வொரு முறை அவர் "சொர்ணம், நீ" என்று தொடங்கும்போதும் அவள் நெஞ்சு நின்று நின்று ஓடும். "நீ சாப்பிட்டியா" என்று முடியும். "நீ கண்ணாடிய எங்க வச்ச" என்று முடியும். அப்பாடா என்று மூச்சு வரும்.

இப்போது அவருடைய சிறுநீரகம் இரண்டும் கெட்டு, "வீட்டுக்குக் கூட்டிட்டுப் போங்கம்மா" என்று டாக்டர் அனுப்பிவிட்டார். செவ்வாய்க்கிழமை காலை மூச்சு இழுக்கத் தொடங்கியது. கடைசி நேரம் என்று அவளுக்குத் தெரிந்தது. எத்தனை கடைசி நேரங்களைப் பார்த்தவள்! அவர் கண்ணைத் திறந்து, அவளை நேராகப் பார்த்து, "சொர்ணம், நீ…" என்றார்.

சாகிறவன் வேறு எதைக் கேட்பான்? அன்னைக்கு நீ எங்கடி போயிருந்த என்றுதானே கேட்பான்?

பயத்தில் அவள் வாய் தானாகத் திறந்தது. பானையின் கழுத்து வழியாக நீர் வடிகிற ஓசையில் அந்தச் சொல் விழுந்தது. விசிறி நின்றது. ஈ நின்றது. அவர் பேச்சு பாதியில் நின்றது. இரண்டு விதியையும் ஒரே மூச்சில் அவள் உடைத்துவிட்டாள்.

மறுநாள் புத்தி வந்து ஆரோக்கியதாஸுக்குப் போன் செய்தாள். எடுத்தது அவர் மகள் ஷர்லி. "அத்தை, அப்பாவுக்கு ஸ்ட்ரோக். தஞ்சாவூர்ல சேத்திருக்கோம். வலது பக்கம் விழுந்துருச்சு. பேச்சு சுத்தமா போயிருச்சு" என்று அழுதாள்.

பேச்சு போய்விட்டது. அதாவது, விடுசொல் போய்விட்டது.

*

சுகுணா போய் அரைமணி நேரம் ஆகியிருக்கும். வாசலில் ஒரு கார் நின்றது. ஷர்லி இறங்கி, பின் கதவைத் திறந்து, ஒரு பக்கம் சாய்ந்த உருவத்தை மெல்ல இறக்கினாள். அந்தப் பெரிய மீசை பாதி வாயோடு தொங்கிப்போயிருந்தது.

"அத்தை, நேத்துதான் டிஸ்சார்ஜ் பண்ணாங்க. காலையிலேருந்து இங்க வரணும்னு ஒரே அடம். யாரப் பாக்கணும்ப்பான்னு ஊர்ல உள்ள பேரெல்லாம் சொன்னேன். ஒங்க பேரச் சொன்னதும் கட்டில ஒடைக்கிற மாதிரி அடிச்சாரு" என்றாள் ஷர்லி. "நீங்க அன்னைக்குப் போன் பண்ணப்ப அவரு காதுல வச்சேன்ல? அதுலேருந்தே இப்படித்தான். ட்ரிப்ஸ பிடுங்கிப் போட்டாரு."

போனில் அவர் அந்த "ஈ" சத்தத்தைக் கேட்டிருக்கிறார். வேறு யாருக்கும் விளங்காதது அவருக்கு விளங்கிவிட்டது.

சொர்ணம் வாசலை அடைத்தபடி நின்றாள். அவர் உள்ளே போனால் ஒருவேளை சொல் வந்துவிடும். வந்துவிட்டால் பிச்சை அந்தப் பேச்சை முடித்துவிடுவார்.

"இன்னைக்கு வேண்டாம் ஷர்லி. அவரு தூங்குறாரு. அண்ணனுக்கும் அலைச்சல். இன்னொரு நாள் வாங்களேன்" என்றாள். தன் குரல் தனக்கே பொய்யாகக் கேட்டது.

ஷர்லி குரலைத் தாழ்த்தினாள். "இன்னொரு தடவ வந்தா தாங்காதுன்னு டாக்டர் சொல்லிட்டாரு அத்தை. இன்னைக்கா நாளைக்கான்னு தெரியாதாம். அதான் கேட்டத உடனே செஞ்சுருவோம்னு தூக்கிட்டு வந்தேன்."

இவர் போய்விட்டால்? அந்தச் சொல் இவரோடு மண்ணுக்குள் போய்விடும். நான் செத்த பிறகும், இந்த வீடு இடிந்த பிறகும், என் புருஷன் வாயைத் திறந்தபடி, ஒரே எழுத்தைச் சொன்னபடி கிடப்பாரா? செத்தும் சாகாமல்?

ஆரோக்கியதாஸ் இடது கையால் அவள் தோளைத் தள்ளினார். கோபமாக அல்ல. வழிவிடு என்று, ஓர் அண்ணன் தள்ளுகிற மாதிரி.

அவள் விலகினாள்.

"நீ இங்கேயே உக்காரு ஷர்லி. என்ன சத்தம் கேட்டாலும் உள்ள வந்துராத. ஒன் அப்பா மேல சத்தியம்" என்றாள். ஷர்லி பயந்துபோய்ச் சோபாவின் நுனியில் உட்கார்ந்தாள்.

இரண்டு பேரும் நிலைப்படியைத் தாண்டினார்கள். ஆரோக்கியதாஸ் கட்டிலருகே குனிந்து பிச்சையின் முகத்தைப் பார்த்தார். பிறகு கன்னத்தைச் சுட்டிக்காட்டினார். அங்கே ஒரு துளி கண்ணீர். மூன்று நாளைக்கு முன்னால் அது இமையில் இருந்ததைச் சொர்ணம் பார்த்திருந்தாள். இப்போது கன்னத்துக்கு இறங்கியிருந்தது. நின்றவருக்கு ஒன்றும் தெரியாது, ஒரு கண்ணிமைப்பாய்ப் போய்விடும் என்றுதான் இத்தனை வீடுகளில் இவர்கள் நம்பியிருந்தார்கள். அந்தத் துளி வேறு எதையோ சொன்னது. ஒன்பது நாளும் ஒன்பது நாளாகவே அவருக்குப் போயிருந்தால்?

"ஐயோ, சொல்லுண்ணே! சொல்லிரு!"

ஆரோக்கியதாஸ் வாயைத் திறந்தார். "த… த…" நாக்கு புரளவில்லை. முகம் சிவந்தது. கண்ணை மூடி, மறுபடி முயன்றார். அப்போது, தெளிவாக, கணீரென்று வந்தது:

"ஒரு தரம்!"

சொர்ணம் திடுக்கிட்டாள்.

"ரெண்டு தரம்! மூணு… மூணு…" அங்கே நின்றுவிட்டார். எச்சில் வழிந்தது. வெளியிலிருந்து ஷர்லி அழுகுரலில் சொன்னாள்: "அது மட்டும்தான் வருது அத்தை! நாப்பது வருஷம் பழகுனதுல்ல, அது மூளையில வேற எடத்துல இருக்குமாம். மத்தபடி என் பேரச் சொல்லக்கூட வரல."

மறுபடி "ஒரு தரம்! ரெண்டு தரம்! மூணு…" மறுபடி நின்றது. அவர் கண்ணில் தண்ணீர் முட்டியது. தலையால் சுவரில் மோதிக்கொள்ளப் போனவரைச் சொர்ணம் பிடித்துக்கொண்டாள்.

மணமேல்குடிக் கரையில் எத்தனையோ தடவை அவர் ஏலம் விடுவதைப் பார்த்திருக்கிறாள். கூடையைக் காலால் தள்ளிவிட்டு, கூட்டத்தைச் சுற்றிப் பார்ப்பார். கேட்கிற ஆள் இருந்தால்தான் மூன்றாவது தரம் வாயிலிருந்து விழும். அதோடு ஒரே மூச்சில், வாங்கினவன் பெயர் தானாக வந்து ஒட்டிக்கொள்ளும். ஆள் இல்லாத ஏலத்துக்கு மூன்றாவது தரம் கிடையாது.

இங்கே கேட்க யார் இருக்கிறார்கள்?

தன் கையைப் பார்த்தாள். கையை உயர்த்தினால் அந்தக் கேள்வி வரும். அன்னைக்கு எங்கடி போயிருந்த? அதற்கு என்ன சொல்வாள்? முகத்தை எங்கே கொண்டுபோய் வைப்பாள்? ஆனால் அந்தத் துளி கன்னத்தில் இருந்தது. அவள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே, மயிரிழை அளவு, அது நகர்ந்தது.

கரையில் வியாபாரிகள் நிற்பதுபோல நிமிர்ந்து நின்று, வலது கையைத் தலைக்குமேல் தூக்கி, சொர்ணம் கத்தினாள்:

"எனக்கு! நான் எடுத்துக்குறேன்! விடுண்ணே!"

ஆரோக்கியதாஸின் முதுகு நிமிர்ந்தது. சாய்ந்த வாய் நேராயிற்று. நாற்பது வருஷத்துக் கடற்கரை அந்தத் தொண்டைக்குள் திரும்பி வந்தது.

"ஒரு தரம்! ரெண்டு தரம்! மூணு தரம்!"

பெயர் சொல்ல வேண்டிய இடத்தில், அதே மூச்சில், அதே வேகத்தில் ஒரு சொல் வழுக்கி விழுந்தது. இருபத்தைந்து வருஷமாக அவளோடு இரட்டையாய்க் கட்டப்பட்டிருந்த சொல்.

விசிறி சுழன்றது. ஈ பறந்தது. கண்ணீர்த் துளி உருண்டு தலையணையில் விழுந்தது. "ஈ…" அறுந்தது.

சொர்ணம் கண்ணை இறுக மூடிக்கொண்டாள்.

"…மோட்டார நிப்பாட்டலையா?" என்றார் பிச்சை. "டேங்க் நெறஞ்சு ஊத்துது பாரு."

அவள் கண்ணைத் திறந்தாள். அவர் முகத்தில் கோபமில்லை. பழைய சலிப்பு மட்டும் இருந்தது. ஒன்பது நாளைக்கு முந்தைய அந்தக் காலையில் மாடியிலிருந்து தண்ணீர் கொட்டிக்கொண்டிருந்தது. அந்த ஒன்றை அவர் கேட்டார். அவ்வளவுதான்.

ஒரு மூச்சு இழுத்தது. விட்டது.

சொல்லிவிடலாம். நேரம் இருந்தது. ஏங்க, அன்னைக்கு நான் சமைக்கப் போகலைங்க என்று தொடங்கினால் போதும்.

இரண்டாவது மூச்சு. அவர் இன்னும் அவள் பதிலுக்காகப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"நிப்பாட்டிட்டேங்க" என்றாள் சொர்ணம்.

மூன்றாவது மூச்சு உள்ளே போகவில்லை.

ஆரோக்கியதாஸ் இடது கையால் பிச்சையின் கண்களை மூடினார். நெற்றியில் சிலுவை போடக் கையைத் தூக்கி, இது இவர்கள் வழக்கமில்லையே என்று நினைத்தவர்போலத் தன் மார்பில் போட்டுக்கொண்டார். சொர்ணம் அழவில்லை. கட்டில் சட்டத்தைப் பிடித்தபடி அதே இடத்தில் நின்றாள்.

"அவரு கேக்கவே இல்லைண்ணே" என்றாள். "கேக்கணும்னு நெனைக்கவும் இல்லை. நானாத்தான்… நானாத்தான் பயந்து அவர இப்படிப் போட்டு வச்சேன். சொல்லவும் இல்லை. கடைசி வரைக்கும் சொல்லல."

அந்தப் பழைய ராத்திரியில் துபாய்க்காரன் வீட்டு வாசலில் அவளோடு உட்கார்ந்திருந்தவர் ஆரோக்கியதாஸ். அவருக்குத் தெரியும். ஆறுதலாக ஏதோ சொல்ல வாயைத் திறந்தார். "ஒரு தரம்" என்றுதான் வந்தது. வெட்கத்தோடு வாயை மூடிக்கொண்டார்.

கூடத்தில் ஷர்லி கைகூப்பி நின்றாள். உள்ளே என்ன நடந்தது என்று அவள் கேட்கவில்லை. "அக்கம்பக்கத்துல சொல்லட்டுமா அத்தை?"

"கொஞ்சம் பொறுத்துச் சொல்லு. ஒரு பத்து நிமிஷம் குடு" என்றாள் சொர்ணம். "அவருகிட்ட ஒண்ணு சொல்லணும்."

ஷர்லி அப்பாவைத் தாங்கிப் படியிறக்கினாள். சுகுணா தன் வீட்டு வாசலிலிருந்து எட்டிப் பார்த்து, "என்னக்கா, ஃப்ரிட்ஜு சத்தம் நின்னுருச்சே, சரி பண்ணிட்டீங்களா?" என்று கேட்டாள். கார் ஏறுவதற்கு முன் ஆரோக்கியதாஸ் மகளின் கையை விடுவித்துக்கொண்டு, காலை இழுத்து இழுத்து மறுபடி படியேறி வந்தார். கூடத்தில் தனியாக நின்ற சொர்ணத்தை ஒருமுறை பார்த்தார். தலையை மெல்ல அசைத்தார். பிறகு, வேலை செய்கிற அந்த ஒற்றைக் கையால், அவளுக்காகக் கதவை வெளியிலிருந்து இழுத்துச் சாத்தினார்.